மண்டைக்குள் ஒரு ரத்தக்கட்டு: ‘தி பெனால்ட்டி’ (1920) பற்றி அடிக்கடி வரும் கேள்விகள்

நண்பர்களுக்கு இந்த ஊமைப் படத்தைப் பல தடவை போட்டுக் காட்டியிருக்கிறேன். படம் முடிந்து விளக்கைப் போட்டதும் ஏறத்தாழ ஒரே கேள்விகள்தான் வரும். ஒவ்வொரு தடவையும் வாயால் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டதால் எழுதி வைக்கிறேன். முடிவு உட்பட முழுக் கதையும் இதில் இருக்கிறது. படத்தை முதலில் பார்க்க விரும்புகிறவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள், ஒன்றரை மணி நேரம்தான்.

இது யார் எடுத்த படம்? யார் நடித்தது?

அமெரிக்கப் படம். கோல்ட்வின் நிறுவனம் 1920-இல் வெளியிட்டது. இயக்குநர் வாலஸ் வொர்ஸ்லி. கவர்னர் மாரிஸ் என்ற எழுத்தாளர் 1913-இல் எழுதிய நாவலிலிருந்து எடுத்தது. ‘கவர்னர்’ என்பது பதவியில்லை, அவருடைய பெயரே அதுதான். அமெரிக்க அரசியல் சாசனத்தை எழுதியவர்களில் ஒருவர் இதே பெயர்க்காரர், இவருக்கு முப்பாட்டனார்.

நாயகனும் வில்லனுமாக நடித்திருப்பவர் லான் சேனி. ‘ஆயிரம் முகங்களின் மனிதன்’ என்று ஹாலிவுட் கொண்டாடிய ஆள். அப்பா அம்மா இருவருக்கும் காது கேட்காது, பேச்சும் கிடையாது. முகத்தாலும் கையாலும் பேசுவது அவருக்கு வீட்டு மொழி. ஊமைப் படத்துக்கு இதைவிட நல்ல பள்ளிக்கூடம் இருக்க முடியுமா? மூன்று வருஷம் கழித்து இதே வொர்ஸ்லியின் இயக்கத்தில்தான் ‘நோத்ர தாம் கூனன்’ என்ற படத்தில் அந்தக் கூனனாகவும் நடித்தார்.

கதை என்ன?

தெருவில் வண்டி மோதி ஒரு சிறுவன் அடிபடுகிறான். ஃபெரிஸ் என்ற இளம் டாக்டர், அனுபவம் போதாதவர், அவசரப்பட்டு அவனுடைய இரண்டு கால்களையும் முழங்காலுக்கு மேலே வெட்டி எடுத்துவிடுகிறார். பிறகு மூத்த டாக்டர் ஒருவர் வந்து பார்க்கிறார். வெட்டியிருக்கவே வேண்டாம் என்கிறார். பையனுடைய மண்டையின் அடிப்பகுதியில் ஒரு ரத்தக்கட்டு இருப்பதையும் கண்டுபிடிக்கிறார். கட்டிலில் கிடக்கும் பையன் கண்ணை மூடியபடி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருக்கிறான். அப்பா அம்மா வந்ததும் அவன் உண்மையைச் சொல்கிறான். மூத்த டாக்டர் இளையவரைக் காப்பாற்றுவதற்காக, மயக்க மருந்தின் வேகத்தில் பையன் உளறுகிறான் என்று சொல்லிவிடுகிறார். பெற்றவர்கள் டாக்டரை நம்புகிறார்கள், பிள்ளையை நம்பவில்லை.

27 வருஷம் கழித்து அந்தப் பையன் சான் பிரான்சிஸ்கோவின் நிழல் உலகத்துக்கே ராஜா. பெயர் ப்ளிஸார்ட், அதாவது பனிப்புயல். இரண்டு கைக்கட்டைகளை ஊன்றி, தொடைக் குட்டைகளால் நடக்கிறான். ஊரையே கொள்ளையடிக்க ஒரு திட்டம் போடுகிறான். கூடவே இன்னொரு திட்டமும் இருக்கிறது. அதே ஃபெரிஸ் இப்போது பேர்பெற்ற அறுவைச் சிகிச்சை நிபுணர். அவருடைய மகள் பார்பரா ஒரு சிற்பி. சாத்தானின் தலையைச் செதுக்க மாடல் தேடி, சாத்தான் ஜாடை இருப்பவர்கள் வரலாம் என்று பத்திரிகையில் விளம்பரம் கொடுக்கிறாள். ப்ளிஸார்ட் போய் உட்கார்ந்துகொள்கிறான். பார்பராவை மணக்கப்போகும் டாக்டர் ஆலனின் கால்களை வெட்டித் தனக்கு ஒட்டவைக்கச் சொல்லி ஃபெரிஸை மிரட்டுகிறான். ஃபெரிஸ் சம்மதிப்பதுபோல் காட்டி, அவனுக்கு மயக்க மருந்து கொடுத்து, காலைத் தொடாமல் மண்டையைத் திறந்து பழைய ரத்தக்கட்டை எடுத்துவிடுகிறார்.

கண் விழிக்கும் ப்ளிஸார்ட் வேறு ஆள். சாந்தம், கருணை, பச்சாத்தாபம் எல்லாம் வந்துவிடுகின்றன. தன்னை வேவு பார்க்க வந்த ரோஸ் என்ற பெண்ணையே மணந்துகொள்கிறான். மனம் திருந்தியவன் போலீஸிடம் எதையாவது சொல்லிவிடுவானோ என்று கூட்டாளிகளுக்குப் பயம். ஃபிரிஸ்கோ பீட் என்ற போதைக்காரன் அவனைச் சுட்டுக் கொல்கிறான்.

அந்தக் கால்கள் எப்படி? ஏதாவது கேமரா வித்தையா?

கேமராவில் ஒரு வித்தையும் இல்லை, இருந்ததெல்லாம் வலிதான். முழங்காலை முழுக்க மடக்கி, கீழ்க்காலைத் தொடையோடு சேர்த்து வாரால் இறுக்கிக் கட்டிக்கொண்டார். மடங்கிய முட்டிகள் இரண்டும் தோலால் செய்த குவளைமாதிரியான உறைகளுக்குள். அந்த முட்டியின் மேல்தான் நடை, குதி எல்லாம். பின்னால் துருத்தும் பாதங்களை மறைக்கத் தொளதொளவென்று ஒரு மேல்கோட்டு. ஒரு தடவைக்குச் சில நிமிடங்களுக்கு மேல் தாங்க முடியாது. ரத்த ஓட்டம் நின்றுவிடும், அவிழ்த்துத் தேய்த்துவிட்டு மறுபடி கட்டவேண்டும்.

நீங்களும் வீட்டில் ஒரு நிமிடம் முட்டி போட்டு, குதிகாலைத் தொடையின் பின்புறம் படும்படி மடக்கிவைத்து நடந்து பாருங்கள். நான் முயன்றிருக்கிறேன். நாலாவது எட்டில் சுவரைப் பிடித்துக்கொண்டேன். சேனியோ அந்த நிலையில் நாற்காலியில் ஏறுகிறார், இறங்குகிறார், படிக்கட்டில் குதிக்கிறார். ஒரு காட்சியில் சுவரில் அடித்த முளைகளைக் கைகளால் மட்டுமே பற்றி மேலே போய், அடுத்த அறையில் வேலை செய்யும் பெண்களை ஒரு சின்னத் துவாரம் வழியாக எட்டிப் பார்க்கிறார். உடம்பின் கீழ்ப்பாதி சும்மா தொங்குகிறது. எடை முழுவதும் தோளில். அந்த ஷாட்டை நாலைந்து தடவை திருப்பிப் போட்டுப் பார்த்திருக்கிறேன்.

ரத்தக்கட்டை எடுத்தால் கெட்டவன் நல்லவன் ஆகிவிடுவானா? இதெல்லாம் நம்ம ஊர் சினிமாவில் தலையில் அடிபட்டு நினைவு திரும்புகிற கதைதானே?

சிரிப்பு வருவது நியாயம்தான். நாமும் தலையில் கட்டுப்போட்ட நாயகர்களைப் பார்த்து வளர்ந்தவர்கள். ஆனால் 1920-இல் கொட்டகையில் உட்கார்ந்திருந்தவனுக்கு இது பழங்கதையாகத் தெரிந்திருக்காது. செய்தித்தாளில் படித்த விஷயம்போலத் தெரிந்திருக்கும். அதற்குக் காரணங்கள் உண்டு.

1848 செப்டம்பர் 13. வெர்மான்ட் மாநிலத்தில் ரயில் பாதைக்காகப் பாறை உடைக்கும் வேலை. ஃபினியஸ் கேஜ் என்ற மேஸ்திரி வெடிமருந்தைக் கெட்டிக்கும்போது அது வெடித்து, மூன்றரை அடிக்கு மேல் நீளமும் ஆறு கிலோ எடையும் உள்ள இரும்புக் கடப்பாறை அவருடைய இடது கன்னத்தின் வழியாகப் புகுந்து உச்சந்தலை வழியாக வெளியே போனது. ஆள் சாகவில்லை, பேச்சும் போகவில்லை. ஆனால் பொறுப்பான, பதவிசான மனிதர் வாய்த்துடுக்கும் பிடிவாதமும் உள்ளவராக மாறிவிட்டார், இவர் பழைய கேஜே இல்லை என்று தெரிந்தவர்கள் பேசிக்கொண்டதாக அவருக்கு வைத்தியம் பார்த்த ஹார்லோ எழுதி வைத்தார். அந்த மாற்றம் எவ்வளவு, எத்தனை காலம் நீடித்தது என்பதில் இன்றைக்கும் கருத்து வேறுபாடு உண்டு. ஆனால் மூளையில் ஓர் இடம் கெட்டால் குணம் கெடும் என்ற எண்ணம் அதோடு ஊன்றிவிட்டது. கெட்ட இடத்தைச் சரிசெய்தால் குணமும் சரியாகும் என்று அடுத்த படிக்குத் தாவ அதிக நேரம் ஆகாதே!

பிறகு இத்தாலியில் செசாரே லொம்ப்ரோஸோ. வில்லெல்லா என்ற திருடனின் மண்டை ஓட்டைத் திறந்து பார்த்தார். பின்மண்டையின் உட்புறம், அடிப்பகுதியில் ஒரு குழி. சாதாரண மனிதனிடம் இல்லாதது, கீழ்நிலை விலங்குகளிடம் இருப்பது, இதுதான் பிறவிக் குற்றவாளியின் முத்திரை என்று முடிவு கட்டினார். 1876-இல் அவர் எழுதிய புத்தகம் ஐரோப்பாவையும் அமெரிக்காவையும் ஒரு கலக்குக் கலக்கியது. ப்ளிஸார்டின் ரத்தக்கட்டும் மண்டையின் அடிப்பகுதியில்தான் என்பதைக் கவனித்தீர்களா? திரைக்கதை எழுதியவர்கள் லொம்ப்ரோஸோவைப் படித்துவிட்டு எழுதினார்கள் என்று சொல்லவில்லை. அந்தக் காலத்தில் குற்றம் குடியிருக்கும் முகவரி அதுதான் என்று காற்றிலேயே கலந்திருந்தது.

ஒரு வித்தியாசம் மட்டும் உண்டு. லொம்ப்ரோஸோவின் குற்றவாளிக்கு விமோசனம் இல்லை, குழியோடு பிறந்தவன் அவன். படத்தின் குற்றவாளிக்கு உண்டு, ஏனென்றால் அவனுடைய கோளாறு அடிபட்டு வந்தது. அமெரிக்கர்களுக்கு இரண்டாவதுதான் பிடித்திருந்தது. ரிப்பேர் செய்ய முடியாத எந்திரத்தை யார் விரும்புவார்கள்?

படத்தில் சரி. உண்மையிலேயே கைதிகள் மேல் இதையெல்லாம் செய்து பார்த்தார்களா?

செய்தார்கள். அதுவும் படம் நடக்கும் அதே ஊரின் விரிகுடாவுக்கு அக்கரையில்.

சான் பிரான்சிஸ்கோவுக்கு வடக்கே, தண்ணீரை ஒட்டி நிற்பது சான் குவென்டின் சிறை. அங்கே 1913-இல் தலைமை மருத்துவராக வந்தவர் லியோ ஸ்டான்லி. 1918 முதல் அவர் செய்த வேலை இது: தூக்கிலிடப்பட்ட கைதிகளின் விந்தகங்களை எடுத்து, உயிரோடிருக்கும் கைதிகளுக்குப் பொருத்துவது. தூக்குக்குப் போகிறவர்கள் போதவில்லை என்றதும் ஆட்டுக்கடா முதலான மிருகங்களின் சுரப்பியை எடுத்து அரைத்து, கூழாக்கி, வயிற்றுத் தோலுக்கு அடியில் ஊசியால் செலுத்தினார். 1922-இல் இப்படி ஆயிரம் செலுத்தல்களின் கணக்கை மருத்துவ இதழில் வெளியிட்டார். தளர்ச்சி நீங்கியது, ஆஸ்துமா குறைந்தது, முகப்பரு மறைந்தது என்று பலன்கள் பட்டியலாக. குற்றத்துக்கும் சுரப்பிக் கோளாறுக்கும் உறவு உண்டு என்பது அவருடைய உறுதியான நம்பிக்கை. கைதிகளின் கோணல் மூக்கை நிமிர்த்தும் ஆபரேஷன்களும் அங்கே நடந்தன. முகம் சீரானால் நடத்தையும் சீராகும் என்பது கணக்கு.

இந்தியானா மாநிலத்துச் சீர்திருத்தச் சிறையில் ஹாரி ஷார்ப் என்ற மருத்துவர் 1899-இலேயே கைதிகளுக்கு விந்துக்குழாயை வெட்டிக் கட்டத் தொடங்கியிருந்தார். 1907-இல் அந்த மாநிலம் அதைச் சட்டமாகவே ஆக்கியது. உலகத்தின் முதல் கட்டாயக் கருத்தடைச் சட்டம் அதுதான்.

ஆக, திரையில் கத்தியைப் பார்த்து நாம் நெளிகிறோமே, அதைவிட நெளியவேண்டிய விஷயங்கள் வெளியே நடந்துகொண்டிருந்தன. ப்ளிஸார்டை யாரும் சம்மதம் கேட்கவில்லை. கால் வேண்டும் என்று மயக்க மருந்துக்குத் தலையைக் கொடுத்தவனுக்கு மண்டையைத் திறக்கிறார்கள். சான் குவென்டினில் கேட்டார்களாம். பூட்டிய கதவுக்குப் பின்னால் நின்று ஒருவன் சொல்லும் ‘சரி’க்கு என்ன மதிப்பு என்பது வேறு கேள்வி, அதற்குக் கீழே வருகிறேன்.

ஒருவர் காலை வெட்டி இன்னொருவருக்கு ஒட்டுவது? அதுவும் அப்போது நம்பும்படி இருந்ததா?

அரைகுறையாக இருந்தது. அலெக்ஸிஸ் கரேல் என்ற பிரெஞ்சுக்காரர் ரத்தக் குழாய்களை ஒன்றோடொன்று தைக்கும் நுட்பத்தைக் கண்டுபிடித்து 1912-இல் நோபல் வாங்கியிருந்தார். நாய்களுக்குக் கால் மாற்றியும் பார்த்தவர் அவர். தையல் போடலாம், உடம்பு அந்நியக் காலை ஏற்காது என்கிற பாதிதான் அப்போது யாருக்கும் சரியாகப் புரியவில்லை. மனிதருக்குக் கை மாற்றி ஓரளவு நிலைத்தது 1998-இல், பிரான்சின் லியோன் நகரத்தில். கால் இன்றைக்கும் பெரும்பாடு.

அவன் பியானோ வாசிக்கும்போது கீழே ஒரு பெண் உட்கார்ந்திருக்கிறாளே, என்ன அது?

எனக்குப் படத்திலேயே மிகப் பிடித்த இடம் இதுதான், அதனால் கொஞ்சம் நீட்டுகிறேன்.

பியானோவுக்குக் கீழே மிதிகள் உண்டு. மிதித்தால்தான் நாதம் நீளும். கால் இல்லாதவனுக்கு விரல் இருக்கிறது, மிதி இல்லை. அதனால் தன் தொப்பித் தொழிற்கூடத்துப் பெண்களில் ஒருத்தியை அழைத்துக் கீழே உட்காரவைத்துக் கையால் மிதியை அழுத்தச் சொல்கிறான். தாளம் தப்பினால் தொலைந்தாள். முன்பிருந்தவளின் முடியைப் பிடித்துத் தள்ளுகிறான். ரோஸ் வருகிறாள். அரசாங்கத்தின் ரகசிய போலீஸில் வேலை செய்பவள், லிக்டன்ஸ்டைன் என்ற அதிகாரி அனுப்பி வேவு பார்க்க வந்தவள். அவள் அழுத்தும் அழுத்து இவனுடைய விரலுக்கு முன்னாலேயே போய் நிற்கிறது. இவன் முகம் மாறுகிறது.

பிறகு அவள் யார் என்ற ஆதாரம் கைக்குச் சிக்கிவிடுகிறது. கொல்லத்தான் கூப்பிடுகிறான். வாசிக்க உட்காருகிறான், அவள் கீழே. விரல் கட்டைகளில் ஓடுகிறது, அவள் மிதிக்கிறாள், இவன் குனிந்து அவளுடைய கழுத்தைப் பார்க்கிறான், மறுபடி வாசிக்கிறான். கொல்ல முடியவில்லை. சேனியின் கண்ணில் கோபமும் சங்கீதமும் மாறி மாறி வருவதைப் பாருங்கள்.

ஆபரேஷனுக்கு வெகு முன்னால் நடக்கிறது இது. ரத்தக்கட்டு அப்படியே மண்டைக்குள் இருக்கிறது. ஆனாலும் அந்த மனிதனால் இரக்கப்பட முடிகிறது. கத்தி வந்துதான் மனம் வந்தது என்று படம் கடைசியில் சாதிக்கும்போது இந்தக் காட்சி குறுக்கே நிற்கிறது. இயக்குநர் தெரிந்து செய்தாரா, சேனி தன் போக்கில் செய்தாரா, எப்படியோ அமைந்துவிட்டது.

அந்தப் பெண்கள் ஏன் வைக்கோல் தொப்பி பின்னிக்கொண்டே இருக்கிறார்கள்?

கொள்ளை நாளன்று அவனுடைய ஆட்கள் ஒருவரையொருவர் அடையாளம் கண்டுகொள்ள. ஊருக்கு வெளியே குண்டு வெடிக்கச் செய்து போலீஸை அங்கே இழுத்துவிட்டு, ஆயிரக்கணக்கான வெளிநாட்டுக் கூலிக்காரர்களை ஆயுதத்தோடு நகரத்துக்குள் இறக்குவது திட்டம். அது நடப்பதாக அவன் கற்பனை செய்வதையும் படமாகக் காட்டுகிறார்கள், அந்தக் கற்பனையில் அவனுக்குக் கால் இருக்கும்.

இந்தப் பகுதியைப் பார்க்கும்போது தேதியை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். 1919 பிப்ரவரியில் சியாட்டில் பொது வேலைநிறுத்தம். 1919 நவம்பரிலும் 1920 ஜனவரியிலும் அட்டர்னி ஜெனரல் பால்மரின் சோதனைகள்; புலம்பெயர்ந்த தொழிலாளர்கள் கொத்துக் கொத்தாகக் கைது. ரஷ்யாவில் நடந்த புரட்சி அமெரிக்காவிலும் நடந்துவிடும் என்ற கிலி. கூலி போதவில்லை என்று முறையிடுகிறவனையும் மண்டை குழம்பிய கொள்ளைக்காரனையும் படம் ஒரே தொப்பிக்குள் அடைத்துவிடுகிறது. சங்கடமான சௌகரியம்தான்.

கடைசிவரை டாக்டர் ஃபெரிஸுக்கு ஒன்றும் ஆகவில்லையே?

எல்லாரும் இதைக் கேட்பதில்லை. கேட்பவர்களோடு அன்றைக்கு ராத்திரி பன்னிரண்டு வரை பேச்சு நீண்டுவிடும்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். வெட்டத் தேவையில்லாத காலை வெட்டியவர் ஃபெரிஸ். அதை மறைக்கப் பொய் சொன்னவர் மூத்தவர், வாயை மூடிக்கொண்டவர் ஃபெரிஸ். கட்டிலில் கிடந்த பிள்ளை பெற்றவர்களிடம் உண்மையைச் சொல்லி, அவர்களே நம்பாமல் போனதைப் பார்த்தவன். 27 வருஷம் அவன் எதை மென்றுகொண்டிருந்தான் என்பதைப் படத்தின் முதல் பத்து நிமிடத்திலேயே நாம் கண்ணால் பார்த்துவிட்டோம். கால் போனது ஒரு காயம், பொய்யன் என்று பேர் வாங்கியது அதைவிடப் பெரிய காயம்.

கடைசியில் என்ன ஆகிறது? எல்லாம் ரத்தக்கட்டின் வேலை என்று தீர்ப்பு. அதைச் சொல்பவர் யார்? அதே ஃபெரிஸ். கையில் கத்தியோடு நிற்பவரும் அவர், நோயைப் பேர்சொல்லி அறிவிப்பவரும் அவர், நன்றி வாங்கிக்கொள்பவரும் அவர். பகை என்று ஒன்று இருந்ததே, அதற்கு நியாயம் இருந்ததே, அதுவும் ரத்தக்கட்டோடு சேர்ந்து பீங்கான் தட்டுக்குப் போய்விடுகிறது. குணமான ப்ளிஸார்ட் அந்தக் கால்களைப் பற்றி ஒரு வார்த்தை கணக்குக் கேட்பதில்லை. கேட்கும் பகுதியைத்தான் வெட்டி எடுத்துவிட்டார்களே!

மருத்துவத்தால் மனிதனைத் திருத்தும் கதை எதைப் பார்த்தாலும் நான் முதலில் தேடுவது, திருத்துகிறவருக்கு அதில் என்ன லாபம் என்பதைத்தான். இந்தப் பழக்கம் இந்தப் படத்தால் வந்தது.

இப்போதைய மருத்துவம் இதைப் பற்றி என்ன சொல்கிறது? மூளைக் கோளாறால் ஒருவன் குற்றம் செய்ய முடியுமா?

அபூர்வமாக, முடியும். அமெரிக்காவின் வர்ஜீனியாவில் நாற்பது வயது ஆசிரியர் ஒருவருக்குத் திடீரென்று சிறுவர் ஆபாசப் படங்களின்மேல் அடங்காத இச்சை. தன் வீட்டுச் சிறுமியிடமே தவறாக நடக்க முயன்று வழக்கானது. தண்டனை அறிவிக்கப்படுவதற்கு முந்தின இரவு தாங்கமுடியாத தலைவலி. ஸ்கேன் எடுத்தால், நெற்றிக்குப் பின்னால், கண்குழிக்கு மேலே ஒரு பெரிய கட்டி. எடுத்ததும் அந்த இச்சை போய்விட்டது. சில மாதம் கழித்து மறுபடி தலைதூக்கியது, பார்த்தால் கட்டியும் மறுபடி வளர்ந்திருந்தது. 2003-இல் இது மருத்துவ இதழில் வந்தது. ப்ளிஸார்டின் கதைக்கு இவ்வளவு நெருக்கமாக வேறு எதுவும் எனக்குத் தெரியாது.

ஆனால் மூளையைத் திருத்தினால் மனிதன் திருந்துவான் என்ற எண்ணத்தைப் பிடித்துக்கொண்டு முன்பே ஓடியவர்கள் எங்கே போய் நின்றார்கள் என்பதும் வரலாறு. போர்ச்சுகலில் எகாஸ் மோனிஸ் 1935-இல் மூளையின் முன்பகுதி நரம்பிழைகளை அறுக்கும் சிகிச்சையைத் தொடங்கினார், 1949-இல் நோபலும் வாங்கினார். அமெரிக்காவில் அது ஆயிரக்கணக்கானவர்களின் தலையில் விழுந்தது. பலர் அமைதியானார்கள், கூடவே ஆளே இல்லாமலும் ஆனார்கள். 1968-இல், மறுபடியும் கலிபோர்னியாவில்தான், வாக்கவில் சிறை மருத்துவமனையில் மூன்று கைதிகளின் மூளையில் வன்முறையைக் குறைக்க என்று அறுவைச் சிகிச்சை செய்தார்கள்.

மேலே பாக்கி வைத்த கேள்விக்கு 1973-இல் மிச்சிகன் மாநில நீதிமன்றம் ஒன்று பதில் சொன்னது. கைமோவிட்ஸ் வழக்கு என்பார்கள். 17 வருஷத்துக்கு மேல் அடைத்து வைக்கப்பட்டிருந்த ஒருவர், சோதனை முறையிலான மூளை அறுவைக்குச் சம்மதம் எழுதிக் கொடுத்திருந்தார். கட்டாயமாகப் பூட்டி வைக்கப்பட்டவர் அப்படிப்பட்ட சிகிச்சைக்குத் தரும் சம்மதம் செல்லாது என்றது நீதிமன்றம். அதற்குள் அவரை அடைத்து வைத்திருந்த சட்டமே செல்லாது என்று ஆகி, அவர் விடுதலையும் ஆனார். வெளியே வந்தவர் சம்மதத்தைத் திரும்பப் பெற்றுக்கொண்டார்.

மாற்றுத் திறனாளியை வில்லனாகக் காட்டுவது தப்பில்லையா?

தப்புத்தான். உடம்பில் குறை என்றால் மனத்திலும் குறை என்ற பழைய சூத்திரம் இது. அதிலும் இங்கே இரட்டைக் குறை: கால், மண்டை. முதலாம் உலகப் போரிலிருந்து கையும் காலும் இழந்து திரும்பிய இளைஞர்கள் தெருவில் நடமாடிய காலம் வேறு. அவர்களில் யாராவது இதைக் கொட்டகையில் பார்த்திருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று நினைப்பதுண்டு. சேனியின் நடிப்பு சூத்திரத்தை மீறுகிறது, கதை மீறவில்லை. இரண்டையும் சேர்த்தே பார்க்கவேண்டியிருக்கிறது.

எங்கே பார்ப்பது? ஊமைப் படம் பழக்கமில்லை, தூக்கம் வருமா?

1920-இல் வந்த படம் என்பதால் அமெரிக்காவில் காப்புரிமை முடிந்துவிட்டது. இணையத்தில் தாராளமாகக் கிடைக்கிறது. கினோ நிறுவனம் வெளியிட்ட ப்ளூ-ரே பிரதி தெளிவாக இருக்கும். எழுத்தட்டைகள் ஆங்கிலத்தில்தான், ஆனால் எளிய வாக்கியங்கள். வீட்டில் பெரியவர்களுக்குப் போட்டுக் காட்டினால் பக்கத்தில் உட்கார்ந்து தமிழில் சொல்லிக்கொண்டே வாருங்கள். அந்தக் காலத்தில் நம் ஊர்க் கொட்டகைகளிலும் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதை சொன்னதுண்டு. போனில் பார்க்காதீர்கள், முகம்தான் இங்கே வசனம். தூக்கத்துக்கு நான் பொறுப்பில்லை, ஆனால் ஆரம்பப் பகுதியிலேயே ஒரு கொலை விழும் படம் இது. குழந்தைகளுக்கு வேண்டாம்.

திருந்தினவனை ஏன் சாகடித்தார்கள்?

தலைப்பே அதுதானே. பெனால்ட்டி என்றால் தண்டனை, அபராதம். செய்த கொலைகளுக்கு யாராவது விலை கொடுத்தாகவேண்டும் என்று 1920-இன் ரசிகர் எதிர்பார்ப்பார். ரத்தக்கட்டைத் தூக்கில் போட முடியாது. விதி தன்னைத் தீமையோடு பிணைத்துவிட்டது, அதற்கான தண்டனையைத் தானே கட்டியாகவேண்டும் என்கிற மாதிரிச் சொல்லிவிட்டு ப்ளிஸார்ட் ரோஸின் மடியில் கண்ணை மூடுகிறான். நோய்தான் காரணம் என்றால் இவனுக்கு எதற்குத் தண்டனை? இவன்தான் காரணம் என்றால் ஆபரேஷன் எதற்கு? படம் இரண்டையும் வைத்துக்கொள்கிறது.

சேனிக்கு நிஜமாகவே கால் இருந்ததா?

இருந்தது. அன்றைக்கும் பலர் இதைக் கேட்டிருக்கிறார்கள். அதற்காகவே முதலில் வெளியான பிரதியில் ஒரு சின்னத் துண்டு சேர்த்திருந்தார்கள்: சேனி தன் சொந்தக் கால்களால் படிக்கட்டில் இறங்கி வருவது. இப்போது கிடைக்கும் எந்தப் பிரதியிலும் அந்தத் துண்டு இல்லை.